கம்பங்கொல்லையில் ரொட்டிக் காகிதம்

எங்கள் ஊருக்கு வீரியக் கம்பு விதையைக் கொண்டுவந்தது அரசாங்கம் இல்லை, வியாபாரியும் இல்லை. நான்தான். பின்னால் நடந்ததற்கு ஊரில் ஆளுக்கொரு பக்கம் கையை நீட்டினார்கள். யார் எந்தப் பக்கம் நீட்டினால் என்ன, திண்டிவனம் பஸ் நிலையத்தில் அந்த இரண்டு விதைப் பைகளையும் மடியில் வைத்துக்கொண்டு, கல்யாணம் பேசி முடித்துவிட்டு வருகிறவள் மாதிரி சிரித்த முகத்தோடு உட்கார்ந்திருந்தவள் நான்.

எண்பதுகளில் நடந்தது இது. கல்யாணமாகி மூன்று வருஷம் ஆகியிருந்தது. எஸ்.எஸ்.எல்.சி. பாஸ் என்ற ஒரே தகுதியில் திண்டிவனத்துப் பக்கம் ஒரு விவசாய ஆராய்ச்சிப் பண்ணையில் எனக்குத் தற்காலிக வேலை கிடைத்திருந்தது. எங்கள் ஊர் பனமலை ஏரியைத் தாண்டி. காலையில் பஸ் பிடித்துப் போய், பொழுது சாய்வதற்குள் திரும்பிவிடுவேன். அமாவாசை நாட்களில் மேல்மலையனூருக்குப் போகிற கூட்டத்தில் பஸ்ஸில் கால் வைக்க இடம் இருக்காது. மற்ற நாட்களில் ஜன்னல் ஓரம் கிடைக்கும்.

எனக்குக் கம்புப் பிரிவில் வேலை. கம்பங்கதிர் இலைக்குள்ளிருந்து தலையை நீட்டும் சமயத்தில் அதற்குக் காகித உறை மாட்டி, குண்டூசி குத்தி, சீட்டுக் கட்ட வேண்டும். நெல்லுக்கு இந்தத் தொல்லை கிடையாது. அது கதவைச் சாத்திக்கொண்டு தன் வீட்டுக்குள்ளேயே குடும்பம் நடத்திவிடும். கம்பு அப்படியில்லை. கதிரில் முதலில் பெண்பூ வரும், வெள்ளையாக, மெல்லிய மயிர்போல. அதே கதிரில் மகரந்தத் தூள் வர இரண்டு மூன்று நாள் ஆகும். அதற்குள் காற்று யார் வீட்டுத் தூளைக் கொண்டுவந்து போடுகிறதோ, அந்த வீட்டுப் பிள்ளை. அதனால்தான் உறை. எந்தக் கதிருக்கு எந்தத் தூள் என்று அதிகாரி தீர்மானிப்பார், நாங்கள் தூவுவோம். அப்படி இரண்டு தனி வம்சத்தைச் சேர்த்தால் பிறப்பதுதான் வீரியக் கம்பு.

அதைப் பண்ணையில் நின்று பார்த்தவளுக்குத்தான் அந்த ஆசை புரியும். வயல் முழுக்க ஒரே உயரம், ஒரே நாளில் கதிர், ஒவ்வொரு கதிரும் என் முழங்கை தடிமன். எங்கள் ஊர்க் கம்பு மெலிந்து, முள் வைத்து, பாதிதான் காணும். இந்த விதை எங்கள் செம்மண்ணில் விழுந்தால் எப்படி இருக்கும் என்று பஸ்ஸில் வரும்போதெல்லாம் கணக்குப் போடுவேன். ஒரு நாள் அதிகாரியிடம் கேட்டேவிட்டேன். விற்பனைக்கு வந்த விதை எங்கே கிடைக்கும் என்று அவர் சொன்னார். வாங்கிக்கொண்டு வந்துவிட்டேன்.

என் வீட்டுக்காரர் புதிது எதையும் ஒற்றைக் கண்ணால்தான் பார்ப்பார். "நீ கொண்டாந்த வெதைய நீயே துன்னு" என்றார். எங்கள் நிலத்தை ஒட்டிய புன்செய்க் கொல்லை அவருடைய பங்காளி அண்ணனுடையது. எனக்கு மாமா முறை. அவர் கையை நீட்டி வாங்கிக்கொண்டார். எங்கள் கொல்லையில் வழக்கம்போல முள் கம்பு, வரப்புக்கு அந்தப் பக்கம் மாமாவின் கொல்லையில் வீரியக் கம்பு. ஆடியில் இரண்டும் ஒரே வாரத்தில் விதைத்தோம்.

ஐப்பசி அறுப்புக்கு ஊரே மாமாவின் கொல்லையில் வந்து நின்றது. எங்கள் கம்பைப்போல இரண்டு பங்கு. என்னைப் பார்த்து ஒரு கிழவர் கையெடுத்துக் கும்பிட்டார். எனக்குத் தலைகால் புரியவில்லை. என் வீட்டுக்காரர் முகத்தைத் திருப்பித் திருப்பிப் பார்த்தேன், ஒரு வார்த்தை பாராட்டட்டும் என்று. அவர் மாட்டுக்குப் புல் போடப் போய்விட்டார்.

அன்றைக்குத்தான் நான் செய்த தப்பும் நடந்தது.

எங்கள் ஊரில் விதைக்கதிர் பொறுக்குவது பெண்கள். அறுப்பு தொடங்குமுன் வீட்டுக்காரி கொல்லைக்குள் நடந்து, நடுவில் நின்ற பெரிய கதிர்களைத் தன் கையால் ஒடித்து மடியில் கட்டுவாள். அது சாம்பலும் வேப்பிலையும் போட்டுப் பானைக்குள் போகும். அடுத்த ஆடியில் யார் முறத்தோடு வந்து கேட்டாலும் அள்ளிப் போட வேண்டும். விதை கேட்டு வந்தவரிடம் இல்லை என்று சொல்கிற பழக்கமே ஊரில் கிடையாது. வாங்கியவர் அடுத்த அறுப்பில் அதே அளவைத் திருப்பிக் கொண்டுவந்து போடுவார்.

மாமாவின் மனைவி, என் ஓரகத்தி அக்கா, வீரியக் கம்பிலும் அப்படித்தான் பொறுக்கினாள். நான் பார்த்துவிட்டேன். வீரியக் கம்பின் தானியத்தை விதைக்கு வைக்கக்கூடாது, அடுத்த தலைமுறையில் குணம் கலைந்துவிடும், ஒவ்வொரு போகத்துக்கும் புது விதை வாங்க வேண்டும் என்பது பண்ணையில் கூட்டுகிற பெண்ணுக்குக்கூடத் தெரியும். விதைப் பையிலும் பொடி எழுத்தில் போட்டிருந்தது. மாமா விதைத்த அன்றைக்கே அந்தப் பையை, எங்கள் பக்கத்தில் மல்லாட்டை என்கிற வேர்க்கடலையைக் கட்டி வைக்க எடுத்துக்கொண்டார்.

"அக்கா, இத வெதைக்கு வெக்கக் கூடாதுக்கா. அடுத்த தபா கலஞ்சி பூடும்" என்றேன்.

அக்கா ஒரு கதிரைத் தூக்கி என் முகத்துக்கு நேரே காட்டினாள். "இத்த பாருடி. எம்மாம் பெருசு! இதுல வராத வெத வேற எதுல வரப்போவுது? நீ வேற, சொம்மா பேஜாரு பண்ணிக்கினு."

சுற்றி நின்றவர்கள் சிரித்தார்கள். நானும் சிரித்துவிட்டேன். வயசில் மூத்தவள், எனக்குக் கல்யாணப் புடவை கட்டிவிட்டவள், எதிர்த்துப் பேசுவானேன் என்று எனக்கு நானே சமாதானம் சொல்லிக்கொண்டேன். அது பொய். ஊர் என்னைத் தலையில் தூக்கி வைத்திருந்த நாள் அது. அதில் மண்ணைப் போட எனக்கே மனசு வரவில்லை. ஒரே ஒரு தடவை சொன்னேன், அதோடு வாயை மூடிக்கொண்டேன்.

அடுத்த ஆடியில் அக்கா வீட்டிலிருந்து பதினொரு வீட்டுக்கு விதை போனது. கேட்டவர்களுக்கெல்லாம் அள்ளிக் கொடுத்தாள். அவள் கை அப்படிப்பட்ட கை. புதுக் கம்பு வந்துவிட்டதே என்று அந்தப் பதினொரு வீட்டிலும் பழைய முள் கம்பைக் கூழுக்கு இடித்துவிட்டார்கள். நான் பஸ்ஸில் போய்க்கொண்டும் வந்துகொண்டும் இருந்தேன். ஜன்னல் வழியாகப் பார்த்தால் கம்பங்கொல்லைகள் பச்சைப் பசேலென்றுதான் இருந்தன. ஒருவேளை நன்றாகவே வந்துவிடுமோ என்றுகூட நினைத்தேன்.

வரவில்லை. ஒரு செடி இடுப்புயரம், பக்கத்துச் செடி ஆள் உயரம். ஒன்று கதிர் முற்றி நிற்கும், அடுத்தது அப்போதுதான் தலையை நீட்டும். ஒரே நாளில் அறுக்க முடியாததால் கிளிக்கும் குருவிக்கும் ஒரு மாதம் விருந்து. அது போதாதென்று அந்தப் புரட்டாசி ஈரத்தில் நோய் விழுந்தது. கதிர் வர வேண்டிய இடத்தில் சுருண்ட இலைக்கொத்து வந்தது. பச்சைக்கதிர் நோய் என்று பண்ணையில் சொல்வோம். ஊரில், "கம்பு புல்லா மாறிப் பூட்ச்சி" என்றார்கள். பதினொரு வீட்டுக்கும் ஒரே பானை விதை. ஆகவே அக்கா கொல்லையிலும் அந்தப் பதினொரு கொல்லையிலும் ஒரே நோய். ரேஷன் அரிசி இருந்ததால் யாரும் பட்டினி கிடக்கவில்லை. ஆனால் காலையில் கூழ் குடித்துவிட்டு ஏர் பூட்டப் போகிறவர்களுக்கு அந்த வருஷம் கூழ் இல்லை, மாட்டுக்குத் தட்டை இல்லை.

எங்கள் முள் கம்பு மட்டும் நின்றது. என் வீட்டுக்காரர் வாயைத் திறந்து, "நான் அப்பவே சொன்னேன்" என்று சொல்லியிருந்தால்கூடச் சண்டை போட்டு ஆறியிருப்பேன். அவரோ மீசையைத் தடவிக்கொண்டு வரப்பில் நடந்தார். அது எனக்கு இன்னும் எரிந்தது.

ஆனால் நான் அவர் பார்க்காத ஒன்றைப் பார்த்திருந்தேன். வீரியக் கம்பின் தண்டில் கணுவுக்குக் கணு ஊதா நிறத்தில் ஒரு வளையம் இருக்கும். எங்கள் முள் கம்பின் கணு பச்சை, எப்போதும் பச்சை. அந்த வருஷம் எங்கள் கொல்லையில் களை எடுக்கும்போது, குனிந்த இடத்தில் ஊதாக் கணு. நாலு அடி தள்ளி இன்னொன்று. வேண்டாத விருந்தாளி மாதிரி கொல்லை முழுக்க அங்கங்கே. போன வருஷம் மாமாவின் கொல்லையிலிருந்து வரப்பைத் தாண்டிக் காற்று வந்து போயிருக்கிறது. நாங்கள் பழைய விதை என்று பானையில் வைத்திருந்ததும் பழைய விதை இல்லை.

கார்த்திகையில் அக்கா முறத்தோடு வந்தாள். ஊரில் முதல் ஆளாக. அவள் முகம் பாதியாய் இளைத்திருந்தது. தன் கையால் கொடுத்த விதை பதினொரு வீட்டை ஏமாற்றியதே என்று அவள் யாரோடும் சரியாகப் பேசாமல் இருந்த நேரம்.

"கொழுந்தனாரே, ஒங்க பழய வெதயில ஒரு மொறம் போடுங்க. மாசிப் பட்டத்துல கெணத்துத் தண்ணி வெச்சி எடுத்துக்கினா எல்லா வூட்டுக்கும் திருப்பிக் குடுத்துடுவேன்."

என் வீட்டுக்காரர் சந்தோஷமாகப் பானையை நோக்கி நடந்தார். நான் பானைக்கு முன்னால் போய் நின்றேன்.

"இல்லக்கா. குடுக்க முடியாது."

இரண்டு பேரும் என்னைப் பார்த்தார்கள். அக்காவுக்கு முதலில் புரியவே இல்லை, நான் விளையாடுகிறேன் என்று நினைத்தாள். நான் சொல்ல வந்ததைச் சொல்லத் தொடங்கினேன். காற்று, தூள், ஊதாக் கணு. நாலு வார்த்தை சொல்வதற்குள் அவள் முறத்தைத் திருப்பி இடுப்பில் வைத்துக்கொண்டாள்.

"ஏண்டி, அன்னிக்கு உன் வெதைய ஊருக்கே குடுத்தன் பாரு, என்னத்தான் சொல்லணும். இன்னிக்கு வெத இல்லன்னு சொல்ற அளவுக்கு வந்துட்டியா? இந்த வாசப்படிய இனிமே மிதிக்க மாட்டேன்."

சொன்னபடியே போய்விட்டாள். என் வீட்டுக்காரர் அவ்வளவு கோபப்பட்டு நான் பார்த்ததில்லை. "ஊர்ல தல காட்ட உடமாட்டியா நீ? அதுவும் கம்புதான, இதுவும் கம்புதான!" என்று கத்தினார்.

எனக்கும் கோபம் மூக்குக்கு மேல்தான். பானையிலிருந்து ஒரு பிடி அள்ளி அவர் கையில் கொட்டினேன். "இதுல எது நம்ப கம்பு, எது மாமா கொல்லியிலேந்து வந்ததுன்னு பிரிச்சிக் காட்டுங்க பாக்கலாம். முடியுமா? இத பதினோரு வூட்டுக்கும் குடுத்தா, பதினோரு கொல்லியிலயும் கலப்படம். அந்த நோவும் அதுக்குள்ள எங்க ஒளிஞ்சிக்கினு இருக்குமோ! அப்புறம் நல்ல வெத வேணும்னா எந்த ஊருக்குப் போயி கேக்கறது? போன தபா ஒரு வாட்டி சொல்லிட்டு சும்மா இருந்தேன். இந்தத் தபா இருக்க மாட்டேன்."

அவர் கையில் இருந்ததை வெகுநேரம் விரலால் தள்ளித் தள்ளிப் பார்த்தார். "அப்ப எப்பத்தான் குடுப்ப?"

"வர ஆடிக்கு. சுத்தம் பண்ணிக் குடுப்பேன்."

சொல்லிவிட்டேனே தவிர, எப்படி என்று முழுசாகத் தெரியாது. மறுநாள் பண்ணையில் அதிகாரியிடம் போய் நின்றேன். கண்டிப்பானவர், ஆனால் கேட்ட கேள்விக்குப் பதில் சொல்லாமல் விடமாட்டார். என் கதையைக் கேட்டு, "நீங்க ஏம்மா அந்தப் பழைய ரகத்துக்கு இவ்வளவு கஷ்டப்படறீங்க? மகசூல் கிடையாதே" என்றார்.

"மகசூல் இல்லதான் சார். ஆனா நோய் விழுந்தப்ப அதுதான் நின்னுது."

அவர் பேனாவைக் கீழே வைத்தார். நோய் விழுந்ததா, எத்தனை செடியில் என்று தோண்டித் தோண்டிக் கேட்டார். பிறகு வழி சொன்னார். ஊதாக் கணு தெரிந்த செடியைப் பூக்குமுன் பிடுங்கிவிட வேண்டும். மிச்சத்தில் நல்ல கதிர்களுக்கு உறை போட வேண்டும். ஆனால் ஒரு கதிரின் தூளை அதற்கே போட்டுக்கொண்டிருந்தால் வம்சம் நோஞ்சானாகிவிடும். பல கதிர்களின் தூளை ஒன்றாகக் கலந்து எல்லாவற்றுக்கும் தூவ வேண்டும். அப்போதும் முழுக்கச் சுத்தம் என்று சத்தியம் செய்ய முடியாது, ஒளிந்துகொண்டிருப்பது பிறகும் எட்டிப் பார்க்கலாம் என்றார். "முடிஞ்சதும் எனக்கும் ஒரு கைப்பிடி கொடுங்க. அந்த நோயைத் தாங்கற குணத்தை எங்க கம்புக்குள்ள கொண்டுவர முடியுமான்னு பாக்கணும்."

அந்தப் பேச்சில்தான் அவர் இன்னொன்றும் சொன்னார். வெளிநாட்டில் இப்போது கம்புக்குக் கம்பைச் சேர்ப்பதெல்லாம் பழைய கதையாம். ஒரு உயிரின் குணத்தை மட்டும் தனியாகக் கத்தரித்து, சம்பந்தமே இல்லாத இன்னொரு செடிக்குள் வைக்கப் பார்க்கிறார்களாம். பூச்சி கடிக்காத பயிர், நோய் வராத பயிர், எதையும் செய்யலாமாம். சொல்லும்போது அவர் கண்ணில் ஒரு வெளிச்சம். எனக்கு அந்த வெளிச்சம் நன்றாகத் தெரியும், ஒன்றரை வருஷத்துக்கு முன் பஸ்ஸில் அதே முகத்தோடு நான் உட்கார்ந்து வந்திருக்கிறேன்.

"நல்லதுதான் சார். அதுக்கு எம்மாம் பெரிய உறை போடணும்?" என்று கேட்டேன்.

நான் கிண்டல் செய்கிறேன் என்று முதலில் சிரித்தார். பிறகு சிரிப்பு நின்றது. "அதுதாம்மா எங்களுக்கும் தெரியல" என்றார். அந்தப் பதிலுக்காகவே எனக்கு அவர்மேல் மரியாதை கூடியது.

மாசியில் கிணற்றுத் தண்ணீர் பாய்ச்சி அரை ஏக்கரில் விதைத்தோம். வரப்புக்கு அந்தப் பக்கம் மாமா திரும்பவும் வீரியக் கம்புதான் போட்டார், இந்த முறை கடையில் வாங்கிய புது விதை. அவரைக் குறை சொல்ல எனக்கு வாயில்லை. புது விதையை ஒழுங்காக வாங்கிப் போட்டால் அது சொன்னபடி விளையும், அந்தப் பட்டத்திலும் விளைந்தது. அக்காவும் கொல்லைக்கு வருவாள். நான் இருக்கிற பக்கம் திரும்ப மாட்டாள்.

ஊதாக் கணு பிடுங்குகிற நாள்தான் வீட்டுக்காரருக்குப் பெரிய சோதனை. நோய் இல்லை, வாடல் இல்லை, கரும்பு மாதிரி நிற்கிற செடியை வேரோடு பிடுங்கச் சொன்னால் எந்தக் குடியானவருக்குக் கை வரும்? நான் பிடுங்கிப் போட்டுக்கொண்டே போனேன். அவர் முதுகைக் காட்டிக்கொண்டு நின்றார். கொல்லையில் கால்வாசி காலியானது. கடைசியில் அவர் குனிந்து ஒரு செடியைப் பிடித்து, "இதுக்கு வளையம் இருக்குதா இல்லியா, சரியாத் தெரில" என்றார். மெலிசாக ஒரு கோடு ஓடியது. "சந்தேகமா இருந்தா புடுங்கிடுங்க" என்றேன். கண்ணை மூடிக்கொண்டு பிடுங்கினார். மாடுகள் அன்றைக்குத் திருவிழா கொண்டாடின.

அடுத்தது உறை. பண்ணை உறையில் ஒன்றைக்கூட நான் தொடவில்லை. கேட்டால் அதிகாரி கொடுத்தாலும் கொடுத்திருப்பார், அப்புறம் அவர் வேலைக்கு நான் வம்பு தேடிக் கொடுத்தவள் ஆவேன். செய்தித்தாளை வெட்டி மைதாப் பசை ஒட்டி நானே முந்நூறு உறை செய்தேன். குண்டூசிக்குப் பதில் கருவேல முள். பங்குனிக் கடைசியில், கதிர் தலை நீட்டிய மூன்று நாளில், முதல் அறுபது கதிருக்கு மாட்டினேன். நான்காம் நாள் மத்தியானம் கோடை மழை கொட்டியது. பண்ணையிலிருந்து பஸ் பிடித்து ஓடி வந்து பார்த்தால், பசை கரைந்து காகிதமெல்லாம் கூழாகிக் கதிரில் ஒட்டிக்கொண்டிருந்தது. பிரிந்த உறைக்குள்ளிருந்து வெள்ளைப் பெண்பூக்கள் எட்டிப் பார்த்தன. காற்று மாமாவின் கொல்லையிலிருந்து வீசியது.

அறுபது கதிரையும் அப்போதே ஒடித்துப் போட்டேன். வரப்பைக் காலால் உதைத்தேன், காலில் ரத்தம் வந்ததுதான் மிச்சம். உட்கார்ந்து அழுதேன். வரப்புக்கு அந்தப் பக்கம் அக்கா கையில் களைக்கொத்தோடு நின்று பார்த்துக்கொண்டிருந்தாள். அவளுக்கு முன்னால் அழுதுவிட்டோமே என்ற ரோஷத்தில் எழுந்துவிட்டேன்.

மறுநாள் திண்டிவனத்தில் ஒரு ரொட்டிக் கடை வாசலில் பஸ்ஸுக்காக நின்றேன். ரொட்டி சுற்றுகிற மெழுகுக் காகிதத்தில் ஈரம் நிற்காமல் உருண்டு ஓடியதைப் பார்த்தேன். உள்ளே போய்க் கேட்டேன். அச்சு கோணலாக விழுந்ததால் ஒதுக்கி வைத்திருந்த ஒரு கட்டுக் காகிதத்தை அந்தக் கடைக்காரர் தூக்கிக் கொடுத்தார். எதற்கு என்று கேட்டார், கம்புக்கு என்றேன், அவர் மேற்கொண்டு கேட்கவில்லை. பசை ஒட்டாது என்பதால் ஊசி நூலால் தைத்தேன். காற்று போக முள்ளால் பொத்தல் போட்டேன். எங்கள் கொல்லை முழுக்கச் சிவப்பும் மஞ்சளுமாக ரொட்டிப் படம் போட்ட தொப்பிகள். வழியில் போகிறவர்கள் நின்று பார்த்து, "இன்னா, கம்பங்கொல்லில ரொட்டி வெளையுதா?" என்றார்கள். வெளைஞ்சா உங்களுக்கும் ஒண்ணு என்றேன். சிரித்தால் சிரிக்கட்டும், நான் தைத்துக்கொண்டே இருந்தேன்.

தூள் தூவுவது காலை வேலை. பனி காய்ந்ததும் தூள் வந்த கதிர்களின் உறையை மெல்லத் தட்டினால் மஞ்சளாகக் கொட்டும். பத்துப் பதினைந்து கதிரின் தூளை ஒரு டம்ளரில் கலந்து, மெல்லிய துணியில் முடிந்து, பெண்பூ வந்த கதிரின் உறையைத் திறந்து இரண்டு தட்டு, உடனே மூட வேண்டும். என் பஸ் நேரம் இடிக்கும் என்பதால் முதல் நாள் காட்டிக் கொடுத்தேன். இரண்டாம் நாளிலிருந்து வீட்டுக்காரர் தானே செய்தார். யாராவது வருகிற சத்தம் கேட்டால் துணியை மறைத்துக்கொண்டு சும்மா நிற்கிறவர்போல நிற்பார். நாலாம் நாள் மறைப்பதை விட்டுவிட்டார். "ஜல்தி கெளம்பு, பஸ்ஸு போய்டும், நான் பாத்துக்கறேன்" என்று என்னை விரட்டவும் தொடங்கினார்.

வைகாசியில் உறையோடு அறுத்தோம். சோளக்கொல்லைப் பொம்மைபோல வெயிலில் நிறம் போன தொப்பிகளைக் கழற்றிக் கதிரைக் கசக்கினால் மொத்தமாக மூன்று படிக்குக் கொஞ்சம் கூட. ஒரு பட்டத்து உழைப்புக்கு விதையாக அவ்வளவுதான், உறை போடாத கதிரெல்லாம் கூழுக்கு. ஒரு கைப்பிடி பண்ணைக்குப் போனது. அதிகாரி அதைச் சீட்டு எழுதி, எங்கள் ஊர்ப் பெயர் போட்டு வைத்தார். மிச்சம் அக்கா வீட்டுக்கும் அந்தப் பதினொரு வீட்டுக்கும், வீட்டுக்கு இரண்டு கை.

முதலில் அக்கா வீடு. ஆடி பிறந்த மறுநாள் ஒரு சொம்பில் விதையை எடுத்துக்கொண்டு போனேன். அவள் விதைப்புக்கு மல்லாட்டை உடைத்துக்கொண்டிருந்தாள். நிமிர்ந்து பார்த்துவிட்டு மறுபடி உடைத்தாள். வா என்று சொல்லவில்லை. நானே உட்கார்ந்தேன்.

"வெத கொண்டாந்துருக்கேன்க்கா."

"சுத்தமாயிட்ச்சா?"

பஸ்ஸில் வரும்போதெல்லாம் இதற்குத்தான் ஒத்திகை பார்த்திருந்தேன். ஆயிற்று என்று சொல்ல எத்தனை ஆசை! ஏழெட்டு மாதம் பட்ட பாட்டுக்கு அந்த ஒரு வார்த்தையாவது எனக்குச் சொந்தம் என்று தோன்றியது.

"தெரியாதுக்கா. கண்ணுக்குத் தெரிஞ்ச கலப்ப எல்லாம் புடுங்கிட்டேன். உள்ள ஒளிஞ்சிக்கினு இருந்தா அடுத்த வெளைச்சல்லதான் தெரியும். ஊதா வளையம் வந்தா பூக்கறதுக்கு முன்ன புடுங்கிடணும். மாமா கொல்லி ஓரமா போடாத, ஏரிக்கரை நெலத்துல போடு. தப்பா வந்தா என்னத்தான் கேக்கணும். நீ கேக்கலன்னாலும் நானே வந்து வந்து சொல்வேன். உனக்கு அலுத்துப்போற வரைக்கும் சொல்வேன்."

அக்கா மல்லாட்டையை வைத்துவிட்டு என்னை நேராகப் பார்த்தாள். எட்டு மாதத்தில் முதல் தடவை.

"இத்த அன்னிக்கே இப்டி சொல்லியிருந்தா நான் கேட்டிருக்க மாட்டேனா தங்கச்சி?"

சொம்பை அவள் பக்கம் நகர்த்தினேன். "சொல்லியிருக்கணும்க்கா. ஊரே என்னப் புகழ்ந்துக்கினு இருந்துது. அது கெட்டுப் போவும்னு பயந்துட்டேன்" என்றேன்.

அவள் எழுந்து உள்ளே போய் ஒரு கிண்ணம் கொண்டுவந்தாள். சொம்பிலிருந்த விதையைப் பாதி மட்டும் கிண்ணத்தில் கொட்டிக்கொண்டாள். மிச்சத்தோடு சொம்பை என் பக்கம் தள்ளினாள்.

"இது உன் வூட்லயே இருக்கட்டும். அன்னிக்கு எல்லா வூட்லயும் ஒரே வெதைய நெரப்பிட்டேன். எனக்குத் தப்பாப் போனா கேக்கறதுக்கு ஒரு வூடு வேணும்."